கர்ணனுக்கும் ஒரு கை நீர்



போன மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம், ஜார்ஜ்டவுனில் எங்கள் நண்பர்கள் எட்டுப் பேர் ஒரு வீட்டில் கூடி ஓர் ஆவணப்படம் பார்த்தோம். இலங்கைத் தமிழரான ஜூட் ரத்னம் எடுத்த 'டீமன்ஸ் இன் பாரடைஸ்'. 2017இல் பிரான்சின் கான் திரைப்பட விழாவில் காட்டப்பட்ட படம். முடிந்து விளக்கைப் போட்ட பிறகு யாரும் வாய் திறக்கவில்லை. டீ ஆறிப் போயிருந்தது. கொஞ்ச நேரம் கழித்து, காலேஜ் படிக்கிற ஒரு தம்பி கேட்டான்:

"அண்ணே, எல்லாம் முடிஞ்சு போச்சு. செத்தவங்க செத்துட்டாங்க. இப்ப இதைக் கிளறி யாருக்கு என்ன லாபம்? அதுவும் நம்ம ஆளுங்க செஞ்ச தப்பை நாமளே ஊருக்குக் காட்டணுமா?"

நான் ஏதோ சொல்லிச் சமாளித்தேன். ஆனால் வீட்டுக்கு வந்து படுத்த பிறகும் அந்தக் கேள்வி விடவில்லை. காரணம், அந்தக் கேள்வி இலங்கையைப் பற்றியது மட்டுமில்லை. என் வீட்டுக்குள்ளேயே மூன்று வருஷமாக இருக்கிற கேள்வி அது. அதனால்தான் இந்தக் கட்டுரை.

அந்தப் படம் என்ன சொல்கிறது?

1983 ஜூலை கலவரத்தின்போது ஜூட் ரத்னத்துக்கு ஐந்து வயது. கொழும்பில் தமிழர் வீடுகளும் கடைகளும் எரிந்தபோது அவர் குடும்பம் ரயில் ஏறி வடக்கே தப்பியது. அந்த ரயிலைத்தான் அவர் முதலில் நினைவுபடுத்துகிறார். போர் 2009 மே மாதம் முள்ளிவாய்க்காலில் முடிந்தது. அந்தக் கடைசி மாதங்களில் மட்டும் 40,000 பொதுமக்கள் வரை இறந்திருக்கலாம் என்று ஐ.நா. வல்லுநர் குழு 2011இல் சொன்னது. அப்படி முடிந்த ஒரு போருக்குப் பிறகு, அதில் தப்பிய ஒரு மனிதன் அப்பாவாகி, தன் பிள்ளைக்கு எதைச் சொல்வது, எதை மறைப்பது என்று தவிக்கிறான். அந்தத் தவிப்புதான் படம். எடுத்து முடிக்க ஏறக்குறைய பத்து வருஷம் ஆயிற்று.

படத்தில் அவருடைய மாமா ஒருவர் வருகிறார். இளமையில் ஆயுதம் ஏந்திய சிறு இயக்கம் ஒன்றில் இருந்தவர். பிறகு கனடாவுக்குப் போனவர். அவர் திரும்பி வந்து பழைய இடங்களைப் பார்க்கிறார். 1983இல் தன்னைக் காப்பாற்றிய சிங்கள நண்பர்களைப் பார்க்கிறார். ஒரு காட்சியில், ஒரு காலத்தில் வெவ்வேறு தமிழ் இயக்கங்களில் இருந்தவர்கள் இரவில் நெருப்பைச் சுற்றி உட்கார்ந்து பேசுகிறார்கள். எதிரி செய்ததை மட்டும் பேசவில்லை. தமிழன் தமிழனைக் கொன்றதைப் பேசுகிறார்கள். எங்கள் தம்பிக்கு உறுத்தியது அந்தக் காட்சிதான்.

அவனுக்கு மட்டுமில்லை. 2018இல் யாழ்ப்பாணத் திரைப்பட விழாவில் இந்தப் படம் காட்டப்படுவதாக இருந்தது. எதிர்ப்பு வந்ததும் நிறுத்திவிட்டார்கள். எதிர்த்தவர்கள் பக்கமும் நியாயம் இல்லாமல் இல்லை. "அரசு செய்த பெரிய கொலைக்கே இன்னும் நீதி கிடைக்கல. அதுக்குள்ள நம்ம குற்றத்தை நாமே எடுத்துக் கொடுத்தா, கொன்னவனுக்கு வசதியாப் போகாதா?" என்பது அவர்கள் கேள்வி. பிள்ளையைப் பறிகொடுத்த ஒரு தாய் இதைக் கேட்டால் நான் எதிர்த்துப் பேச மாட்டேன். தலைகுனிந்து கேட்டுக்கொள்வேன்.

ஆனாலும் நெருப்பைச் சுற்றி உட்கார்ந்திருந்த அந்த மனிதர்களின் முகம் எனக்கு மறக்கவில்லை. காரணம், அந்த முகத்தை நான் முன்பே பார்த்திருக்கிறேன். என் பாட்டியிடம்.

நம்ம ஊர் ரயில்

இலங்கை தூரம் என்று நினைக்க வேண்டாம். நமக்கும் ஒரு ரயில் இருக்கிறது.

ஜப்பான் விமானங்கள் 1941 டிசம்பர் 11ஆம் தேதி ஜார்ஜ்டவுன் மேல் குண்டு போட்டன. சனங்கள் அதுவரைக்கும் குண்டு விழுந்து பார்த்ததில்லை. தெருவில் நின்று விமானத்தை வேடிக்கை பார்த்தார்கள், அப்படியே செத்தார்கள். சில நாளில் வெள்ளைக்காரர்கள் இரவோடு இரவாகத் தங்கள் ஆட்களை மட்டும் ஏற்றிக்கொண்டு தீவை விட்டுப் போனார்கள். மற்றவர்களிடம் ஒரு வார்த்தை சொல்லவில்லை. அப்போது 'ஸ்ட்ரெய்ட்ஸ் எக்கோ' பத்திரிகையின் ஆசிரியராக இருந்தவர் சரவணமுத்து, இலங்கைத் தமிழர். கார்ன்வாலிஸ் கோட்டையில் பறந்துகொண்டிருந்த பிரிட்டிஷ் கொடியை இறக்கி வெள்ளைக் கொடி ஏற்றியவர் அவர்தான். ஊரில் ஆள்பவன் யாரும் இல்லை, இனிக் குண்டு போடாதே என்று சொல்வதற்காக. டிசம்பர் 19ஆம் தேதி ஜப்பான் படை உள்ளே வந்தது.

இது நமக்கு எப்படித் தெரியும்? சரவணமுத்து பிற்காலத்தில் தன் வாழ்க்கையைப் புத்தகமாக எழுதினார். எழுதத் தெரிந்தவர், அச்சுக்குப் போக வழி இருந்தவர். அதனால் அவர் நினைவு தங்கியது.

எழுதத் தெரியாதவர் நினைவு என்ன ஆயிற்று?

1942 நடுவில் ஜப்பான் ராணுவம் சயாமிலிருந்து பர்மாவுக்கு 415 கிலோமீட்டர் ரயில் பாதை போடத் தொடங்கியது. காடு, மலை, ஆறு. 1943 அக்டோபரில் இரண்டு பக்கத்துத் தண்டவாளமும் ஒன்று சேர்ந்தன. அதில் வேலை செய்த போர்க் கைதிகள் 60,000 பேருக்கு மேல். பிரிட்டிஷ்காரர், ஆஸ்திரேலியர், டச்சுக்காரர். அவர்களில் 12,000 பேருக்கு மேல் இறந்தார்கள். ஆசியத் தொழிலாளர்கள் அதைவிடப் பல மடங்கு. இரண்டு லட்சத்தை ஒட்டியது என்கிறார்கள் ஆய்வாளர்கள். மலாயாவிலிருந்து மட்டும் சுமார் 75,000 பேர். அதில் பெரும்பாலோர் தோட்டத்துத் தமிழர்கள். ஆசியத் தொழிலாளர்களில் ஏறக்குறைய 90,000 பேர் திரும்பவில்லை என்பது பொதுவாகச் சொல்லப்படும் கணக்கு. 1943 மழைக்காலத்தில் காலரா வந்தது. கைதிகளுக்குச் சொந்த ராணுவ டாக்டர்களாவது கூட இருந்தார்கள். நம்மவர்களுக்குப் பெரும்பாலும் அதுவும் இல்லை. கொதிக்க வைத்த தண்ணீர்தான் குடிக்கணும் என்று சொல்லக்கூட ஆள் இல்லாமல் கூட்டம் கூட்டமாகப் போனார்கள்.

காஞ்சனபுரிக்குப் போனவர்கள் பார்த்திருப்பீர்கள். நகரத்துக்குள்ளேயே போர் வீரர் கல்லறை; ஏறக்குறைய 7,000 பேருக்கு வரிசையாகக் கல், பூச்செடி, வெட்டிய புல். பெயர் தெரிந்தவர்களுக்கெல்லாம் கல்லில் பெயர், வயது, படைப்பிரிவு இருக்கிறது. நம்மவர்களுக்கு அப்படி எதுவும் இல்லை. ஒரே குழியில் பல பேர். 1957இல் வந்த 'தி பிரிட்ஜ் ஆன் தி ரிவர் குவாய்' ஏழு ஆஸ்கர் விருது வாங்கிய படம். உலகம் இந்த ரயில் பாதையை அந்தப் படம் வழியாகத்தான் தெரிந்துகொண்டது. இலங்கையில், கித்துல்கல என்ற ஊரில் எடுத்தார்கள். அது வெள்ளைக்கார அதிகாரியின் கதை, அவர் ராணுவத்தின் கதை. தோட்டத்திலிருந்து போனவனின் கதை அதில் இல்லை. காமிரா எந்தப் பக்கம் திரும்புகிறதோ அந்தப் பக்கம்தான் சரித்திரம் என்று ஆகிவிடுகிறது.

அதனால், "கிளறி என்ன லாபம்?" என்ற கேள்வியின் முதல் பாதிக்கு என் பதில் சுலபம். புதைத்ததைத்தான் கிளற முடியும். இவர்களை நாம் முறையாகப் புதைக்கவே இல்லை. நம் முன்னோர் போரில் விழுந்தவனுக்கு நடுகல் நட்டு, பெயரை வெட்டி, படையல் வைத்தார்கள். காஞ்சனபுரியில் ஒரு புத்த ஆலய வளாகத்தில் இந்தத் தமிழர்களுக்காக ஒரு நடுகல் 2023இல்தான் வந்தது. 80 வருஷம் கழித்து! இதற்குப் பெயர் கிளறுவது இல்லை. நாம் செய்ய மறந்த கடமையை இப்போதாவது செய்வது.

ஆனால் கேள்வியின் இரண்டாவது பாதி? "நம்ம ஆளுங்க செஞ்ச தப்பையுமா?" அங்கேதான் என் பாட்டி வருகிறார்.

ஓர் இலை அதிகம்

என் பாட்டி செபராங் பிறையில் ஒரு தோட்டத்தில் பிறந்தவர். ஜப்பான்காரன் காலத்தில் அவருக்குப் பத்துப் பதினோரு வயது. மரவள்ளிக்கிழங்கு தின்ற கதை, சாக்கு கட்டிக்கொண்ட கதை எல்லாம் சிரித்துக்கொண்டே சொல்வார். அவருக்கு ஜப்பான்காரர் மேல் வெறுப்பு என்று எதையும் நான் பார்த்ததில்லை. என் ஹோண்டா மோட்டார் பின்னால் உட்கார்ந்துதான் கோயிலுக்கு வருவார்.

எங்கள் வீட்டில் ஆடி அமாவாசைக்குப் படையல் போடும்போது, இருக்கிற முன்னோர் கணக்குக்கு மேல் ஓர் இலை அதிகம் இருக்கும். அது யாருக்கு என்று கேட்டால், "எங்கப்பா போட்டாரு, நானும் போடறேன்," என்பார். அவ்வளவுதான்.

கண் மூடுவதற்கு ஒரு வருஷம் முன்னால், ஒரு மத்தியானம், பாட்டி பேசுவதை நான் போனில் பதிவு செய்துகொண்டிருந்தேன். பழைய பாட்டு, பழைய சமையல் என்று ஏதோ கேட்டுக்கொண்டிருந்தேன். திடீரென்று அவராகவே சொன்னார்.

"எங்கப்பா கங்காணி. சயாமுக்கு ஆள் வேணும்னு மேலேருந்து உத்தரவு வந்துச்சு. இத்தனை பேருன்னு கணக்கு. மூணு மாசம் வேலை, ஒரு நாளைக்கு ஒரு வெள்ளின்னு சொன்னாங்க. மொதல்ல போனவங்க யாரும் திரும்பல. அப்புறம் யாரும் போக மாட்டேன்னுட்டாங்க. பேரு எழுதிக் குடுன்னு எங்கப்பாகிட்ட காகிதத்தைக் குடுத்தாங்க. அதுல எங்க சித்தப்பா பேரு இருந்துச்சு. அப்பா அதை அடிச்சிட்டாரு. அடிச்சிட்டு, கடைசி லயத்துல தனியா இருந்த ஒருத்தர் பேரை எழுதிட்டாரு. ஊர்லேருந்து ஒத்த ஆளா வந்தவரு. கேக்கறதுக்கு ஆளு இல்ல. எனக்கு மாங்கா பறிச்சுக் குடுப்பாரு."

பிறகு கொஞ்ச நேரம் சும்மா இருந்தார். "அவரு வரவே இல்ல," என்றார். அப்புறம் என் கையைப் பிடித்துக்கொண்டு, "இதை எங்கயும் எழுதாதே, என்னா?" என்றார்.

அந்த அதிகப்படி இலை யாருக்கு என்று அன்றைக்குத்தான் தெரிந்தது.

நண்பர்களே, இப்போது என் நிலைமையைப் பாருங்கள். நான் உயிரோடு இருப்பதற்கும் அந்தக் காகிதத்துக்கும் நேரடித் தொடர்பு இல்லை. நான் கங்காணி வழி. ஆனால் சித்தப்பா வழியில் வந்தவர்கள் இன்றைக்கு முப்பது பேருக்கு மேல் இருக்கிறார்கள். டாக்டர், டீச்சர், லாரி ஓட்டுகிறவர், போன வாரம் பிறந்த குழந்தை. அவர்கள் எல்லாரும் அடித்து எழுதின ஒரு வரியால் இருக்கிறார்கள். எழுதப்பட்ட பெயருக்கு உரியவர் வழியில் யாரும் இல்லை.

ஆவணப்படம் எடுக்கிற ஒரு தோழி எங்கள் பக்கத்துத் தோட்டக் குடும்பங்களின் ஜப்பான் காலத்துக் கதைகளைச் சேகரிக்கிறாள். என்னிடமும் கேட்டாள். பாட்டியின் பதிவை அவளிடம் கொடுக்கலாமா? அம்மா யோசித்தார். சித்தப்பா வழி மாமா ஒருவர் கோபப்பட்டார். "குடும்ப மானத்தைத் தெருவுல போடப் போறியா? அவரு என்ன ஆசைப்பட்டா எழுதினாரு? கழுத்துல கத்தி இருந்துச்சு!" என்றார்.

மாமா சொன்னதில் பொய் இல்லை. எழுதாமல் விட்டிருந்தால் கங்காணியையே கொண்டுபோயிருப்பார்கள், இல்லையென்றால் அடித்தே போட்டிருப்பார்கள். அந்த இடத்தில் நான் இருந்திருந்தால்? என் தம்பி பெயரைப் பார்த்தால்? நானும் அடித்திருப்பேன் என்றுதான் நினைக்கிறேன். இதைச் சொல்ல வெட்கமாக இருக்கிறது. ஆனால் உண்மை.

மௌனத்துக்காக வாதாடினால்

மௌனத்தின் பக்கமும் பேசிப் பார்ப்போம்.

ஒன்று: மறதி ஒரு வரம். எல்லாத்தையும் நினைத்துக்கொண்டிருந்தால் யாரும் வாழ முடியாது. பாட்டி ஏழு பிள்ளைகளை வளர்த்தது இதைப் பேசாமல் இருந்ததால்தான் என்றுகூடச் சொல்லலாம். ஆனால் பாட்டி மறந்துவிட்டாரா? எண்பது வருஷம் அந்த இலையைப் போட்டிருக்கிறார்களே! மறதி வேறு, மௌனம் வேறு. மறந்தவனுக்குப் பாரம் இல்லை. பேசாமல் இருப்பவன் தினமும் சுமக்கிறான். அந்தச் சுமையைப் பேரனிடம் ஒரு மத்தியானம் இறக்கி வைத்துவிட்டுத்தான் பாட்டி போனார்.

இரண்டு: "அது அவங்க கர்மா." நம் வீடுகளில் இது சட்டென்று வாயில் வரும். தயவுசெய்து இந்த இடத்தில் சொல்லாதீர்கள். கர்மா என்பது என் செயலை நான் எடை போட்டுப் பார்க்கிற தராசு. அடுத்தவன் துன்பத்துக்குத் தீர்ப்பு எழுதுகிற பேனா இல்லை. காலராவில் செத்தவனைப் பார்த்து "உன் கர்மா" என்று சொல்கிறவன், பேர் எழுதினவன் கையையும் எழுத வைத்தவன் கையையும் சேர்த்துக் கழுவி விடுகிறான்.

மூன்று: நினைவு பகையை வளர்க்கும். இது உண்மையான பயம். உலகத்தில் பல சண்டைகள் பழைய கணக்கில்தான் நடக்கின்றன. ஆனால் யோசித்துப் பாருங்கள்: எந்த நினைவு பகையை வளர்க்கிறது? நாங்கள் பட்டது மட்டும் இருக்கிற நினைவு. நாங்கள் செய்ததும் சேர்ந்திருக்கிற நினைவு அப்படி வளர்க்காது. தன் வீட்டுக் காகிதத்தில் அடித்த பெயரும் எழுதின பெயரும் தெரிந்தவன், அடுத்தவனைப் பார்த்து அவ்வளவு சுலபமாக விரல் நீட்ட மாட்டான். அதே சமயம், உத்தரவு போட்டவனையும் அவன் விட்டுவிட மாட்டான். ஆள் கணக்கு கேட்டது ஜப்பான் ராணுவம். முதல் குற்றம் அங்கேதான். நம் பங்கைச் சொல்வதால் அவர்கள் பங்கு குறைந்து போகாது. யாழ்ப்பாணத்தில் எதிர்த்தவர்களுக்கும் மரியாதையோடு நான் சொல்லக்கூடியது இதுதான்.

குந்தி சொன்ன நேரம்

நம் மகாபாரதத்தை நாம் பதினெட்டாம் நாள் போரோடு முடித்துவிடுகிறோம். டிவி நாடகத்திலும் அதோடு பட்டாபிஷேகம். ஆனால் அதற்கப்புறம் ஸ்திரீ பர்வம் என்று ஒரு பகுதி இருக்கிறது. போருக்குப் பின் வாழ்க்கை என்ன என்பதைக் காட்டுகிற பகுதி. பெண்கள் களத்துக்கு வந்து அவரவர் பிள்ளையைத் தேடுகிறார்கள். உடல்களை எரித்த பிறகு, எல்லாரும் கங்கைக் கரைக்கு வந்து இறந்தவர்களுக்கு நீர் விடுகிறார்கள். இரண்டு பக்கமும்.

அப்போதுதான் குந்தி வாயைத் திறக்கிறாள். கர்ணனுக்கும் நீர் விடு, அவன் உங்கள் அண்ணன் என்று தருமரிடம் சொல்கிறாள்.

சொல்லாமல் விட்டிருந்தால் யாருக்கும் தெரிந்திருக்காது. ராஜ்யம் கிடைத்தாயிற்று. கர்ணன் செத்தாயிற்று. "இப்ப கிளறி என்ன லாபம்?" என்று நம் தம்பி மாதிரி அங்கேயும் ஒருத்தர் கேட்டிருக்கலாம். லாபம் ஒன்றுமில்லை, நஷ்டம்தான். தருமர் நொறுங்கிப் போகிறார். ஜெயித்ததே அவருக்குக் கசந்துவிடுகிறது. இத்தனை நாள் மறைத்ததற்காகத் தாய் மேலேயே கோபம் வருகிறது. ஆனாலும் குந்தி சொன்னாள். ஏன்? நீர் விடும்போது பெயர் சொல்லித்தான் விடவேண்டும். யார் என்று சொல்லாமல் அவனுக்கு உரிய நீரை விட முடியாது. தன் மானத்தைவிட, செத்துப்போன மகனுக்குச் சேரவேண்டிய ஒரு கை நீர் பெரிதாகப் பட்டது அவளுக்கு.

தருமர் அழுதார், கோபப்பட்டார், ஆனால் நீர் விட்டார். அந்த வரிசையைத்தான் நாம் கற்றுக்கொள்ள வேண்டும். அழலாம், கோபப்படலாம். கடைசியில் நீர் விடாமல் கரை ஏறக் கூடாது.

ஆவணப்படம் எடுப்பவர்களை நினைக்கும்போது எனக்குச் சஞ்சயன் நினைவு வருகிறான். கண் தெரியாத ராஜாவுக்கு அருகில் இருந்து போரைச் சொன்னவன். கேட்கிறவரோ தோற்கப்போகிற பக்கத்துத் தகப்பன். இனிப்பாக நாலு பொய் சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. பிள்ளைகள் செத்ததையும் சொன்னான். இதற்கு உங்கள் தவறும் காரணம் என்று ராஜா முகத்துக்கு நேரேயும் சொன்னான். ஆனால் அவரை விட்டுப் போகவில்லை. போர் முடிந்து, பிற்காலத்தில் காட்டுக்குப் போனபோதும் கூடவே போனான். உண்மையைச் சொல்கிறவன் யாருக்குச் சொல்கிறானோ அவர் பக்கத்திலேயே நிற்கவேண்டும். சொல்லிவிட்டு ஓடிப்போனால் அது வெறும் வம்பு.

அப்படியானால் என்ன செய்தேன்?

பாட்டி "எழுதாதே" என்றார். அந்தச் சொல்லை நான் லேசாக எடுத்துக்கொள்ளவில்லை. பல நாள் யோசித்தேன். உயிரோடு இருக்கும்வரை அவர் சொல்லே எனக்குச் சட்டம், அதில் சந்தேகமில்லை. அவர் போன பிறகு? அந்த ரகசியத்தில் இரண்டு பேருக்குப் பங்கு இருக்கிறது. ஒருவர் பாட்டி. இன்னொருவர் கடைசி லயத்து மனிதர். அவரிடம் யாரும் அன்றைக்கும் கேட்கவில்லை. இன்றைக்கும் நாம் நம் மானத்தை மட்டும் பார்த்து முடிவு செய்தால், அவர் பெயரை இரண்டாவது தடவையும் நாமே அடித்த மாதிரி ஆகிவிடும்.

அதனால் அம்மாவிடம் பேசி, இப்படி முடிவு செய்தோம். பாட்டி முகமும் குரலும் படத்தில் வராது. அது அவர் கேட்டுக்கொண்டதற்கு மரியாதை. நடந்ததை நான் என் வாயால் சொல்வேன், எங்கள் வீட்டில் நடந்தது என்றே சொல்வேன். "ஒரு தோட்டத்தில் ஒரு கங்காணி" என்று யாரோ எவரோ மாதிரி நழுவ மாட்டேன். அந்த மனிதரின் பெயரைப் பாட்டி சொல்லியிருக்கிறார். ஊர்ப் பெயரையும் அரைகுறையாகச் சொல்லியிருக்கிறார். அதை இங்கே எழுதவில்லை. தமிழ்நாட்டில் அவர் வழியில் யாராவது இருந்தால், பத்திரிகையில் படித்துத் தெரிந்துகொள்ளக் கூடாது. நேரில் போய் நாங்கள்தான் சொல்லவேண்டும். தேடிக்கொண்டிருக்கிறோம். கிடைக்காமலும் போகலாம்.

மாமாவுக்கு இன்னும் கோபம் தீரவில்லை. காமிரா முன்னால் வரமாட்டேன் என்று சொல்லிவிட்டார். ஆனால் போன வாரம் அவரே போன் பண்ணி, "மகாளய அமாவாசைக்குக் கடற்கரைக்கு வர்றேன். அவரு பேரை ஐயர்கிட்ட நான் சொல்றேன். எங்க பக்கத்துலேருந்து சொன்னாத்தான் சரி," என்றார். உறவில்லாதவருக்கும், கேட்க ஆளில்லாதவருக்கும் எள்ளும் தண்ணீரும் விடுவதற்கு நம் முறையில் இடம் இருக்கிறது. காருண்யத் தர்ப்பணம் என்று பெயர். கோத்திரம் தெரியாவிட்டாலும் அதனால் தடையில்லை; சிவ கோத்திரம் என்று சொல்லி விடலாம். நம் முன்னோருக்கு இந்தச் சங்கடமெல்லாம் தெரிந்திருக்கிறது.

தம்பி தங்கைகளுக்குக் கடைசியாக ஒரு வேண்டுகோள். உங்கள் வீட்டிலும் ஜப்பான் காலத்தைப் பார்த்தவர்களோ, அவர்கள் வாயால் கேட்டவர்களோ இருப்பார்கள். இன்னும் கொஞ்ச வருஷம்தான். போய் உட்காருங்கள். போனை எடுத்ததும் "சயாம் ரயில் பத்திச் சொல்லுங்க" என்று ஆரம்பிக்காதீர்கள். என்ன சாப்பிட்டீங்க, எங்க படுத்தீங்க, யார் கூட விளையாடினீங்க என்று கேளுங்கள். பதிவு செய்கிறேன் என்று முதலிலேயே சொல்லுங்கள். அழ ஆரம்பித்தால் போனை வைத்துவிட்டுக் கையைப் பிடித்துக்கொள்ளுங்கள். அழுகையைக் கிட்டப் போய்ப் படம் எடுக்க வேண்டாம். சொன்னதை அன்றைக்கே டிக்டாக்கில் போடாதீர்கள். பெயர்களை மட்டும் ஒரு நோட்டில் தெளிவாக எழுதி வையுங்கள். போனவர் பெயர், வந்தவர் பெயர், வராதவர் பெயர்.

கேட்கும்போது, "நம்ம ஆளுங்க என்ன பட்டாங்க?" என்பதோடு நிறுத்தாமல், "நம்ம ஆளுங்க என்ன செஞ்சாங்க?" என்றும் கேளுங்கள். பதில் வரலாம், வராமலும் போகலாம். வந்தால் தீர்ப்பு சொல்ல அவசரப்படாதீர்கள். அந்தக் காகிதம் நம் கையில் வந்திருந்தால் நாம் என்ன எழுதியிருப்போம் என்று நமக்கே தெரியாது.

கேள்வி கேட்ட தம்பி இதைப் படிப்பான் என்று தெரியும். தம்பி, லாபம் ஒன்றும் இல்லை. நீ சொன்னது சரிதான். இது கடன் கணக்கு. இதில் லாபத்தைத் தேட முடியாது. இந்த வருஷமும் எங்கள் வீட்டில் ஓர் இலை அதிகம் இருக்கும். யாருக்கு என்று இனி பிள்ளைகள் கேட்டால், பெயர் சொல்லுவோம்.